யென்ஸ் யென்சன்: டென்மார்க்கில் பிறந்து சிகாகோவில் புல்வெளி வளர்த்தவர் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

சிகாகோவின் மேற்குப் பகுதிப் பூங்காக்கள் பலவற்றின் இன்றைய தோற்றத்துக்குப் பின்னால் ஒரு டென்மார்க்காரர் இருக்கிறார். பெயர் யென்ஸ் யென்சன் (1860–1951). தோட்டக்கலை படித்தவர்களைத் தவிர மற்றவர்கள் அவரை அதிகம் அறிய மாட்டார்கள். தோட்டம் என்றாலே வேறு ஊரிலிருந்து அழகான செடிகளைக் கொண்டுவந்து வரிசையாக நடுவது என்றிருந்த காலத்தில், பக்கத்துக் காட்டில் தானாக முளைத்த செடியைக் கொண்டுவந்து நகரத்தின் நடுவே நட்டவர் அவர். அதனால்தான் அவரைப் பற்றி எழுத வேண்டும் என்று தோன்றியது.

பெயரை எப்படி உச்சரிக்க வேண்டும்?

டேனிஷ் மொழியில் யென்ஸ் யென்சன். அமெரிக்கர்கள் ஜென்ஸ் ஜென்சன் என்பார்கள். இரண்டும் ஒருவரே.

எந்த ஊர்க்காரர்?

டென்மார்க்கின் தெற்கே, ஸ்லெஸ்விக் பகுதியில், டூப்பெல் என்ற ஊருக்கு அருகே 1860 செப்டம்பர் 13 அன்று பிறந்தார். நிலபுலன் உள்ள வசதியான விவசாயக் குடும்பம்.

டென்மார்க்கில் டூப்பெல் என்ற பெயரை அறியாதவர்கள் இல்லை. 1864 ஏப்ரல் 18 அன்று ஜெர்மன் நாடுகளில் ஒன்றான பிரஷ்யாவின் படை அங்கிருந்த டேனிஷ் அரண்களைத் தகர்த்தது. அந்தப் போரோடு ஸ்லெஸ்விக் டென்மார்க்கின் கையை விட்டுப் போனது. யென்சனுக்கு அப்போது மூன்று வயது. குடும்பத்தின் பண்ணைக் கட்டடங்கள் எரிந்ததைப் பார்த்த நினைவு அவருக்குக் கடைசிவரை இருந்தது. வீட்டில் டேனிஷ், ஆட்சியில் ஜெர்மன் என்றுதான் வளர்ந்தார். வடக்கு ஸ்லெஸ்விக் மக்கள் வாக்கெடுப்புக்குப் பிறகு 1920இல் டென்மார்க்கோடு மீண்டும் சேர்ந்தபோது அவருக்கு வயது அறுபதை நெருங்கியிருந்தது. சிகாகோவுக்குப் போய் 30 ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது.

சொந்த மண் ஒரே நாளில் இன்னொருவர் கைக்குப் போவதைச் சிறுவயதிலேயே பார்த்தவர் அவர். பின்னாளில் ஒவ்வொரு நிலத்திலும் 'இங்கே முதலில் என்ன இருந்தது?' என்று கேட்ட பழக்கத்துக்கு வேர் அங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

தோட்டக்கலை படித்தவரா?

படித்தது விவசாயம். கோபன்ஹேகனுக்கு அருகிலுள்ள தூனெ வேளாண் பள்ளியில் பயின்றார். அதற்கு முன் டென்மார்க்கின் யூட்லாந்துத் தீபகற்பத்தில், வின்டிங் என்ற ஊரிலிருந்த நாட்டுப்புற உயர்பள்ளியில் சேர்ந்திருந்தார்.

இந்த நாட்டுப்புற உயர்பள்ளிகள் டென்மார்க்கில் பிறந்தவை. கிருண்ட்விக் என்ற பாதிரியாரும் சிந்தனையாளருமானவர் தந்த யோசனையில் 1844 முதல் தொடங்கப்பட்டவை. தேர்வும் கிடையாது, மதிப்பெண்ணும் கிடையாது. விவசாயி வீட்டுப் பிள்ளைகள் சில மாதங்கள் அங்கேயே தங்கி வரலாறு, பாட்டு, கதை, கைவேலை என்று கற்பார்கள். மாணவர்களை வெளியே அழைத்துப்போய் ஊரையும் காட்டையும் பார்க்கச் செய்வார்கள். 75 வயதில் யென்சன் தானே ஒரு பள்ளி தொடங்கியபோது இதே முறையைத்தான் எடுத்துக்கொண்டார்.

அப்புறம் கட்டாய ராணுவச் சேவை. ஸ்லெஸ்விக் ஜெர்மன் ஆட்சியில் இருந்ததால் ஜெர்மன் ராணுவத்தில், பெர்லினில் பணியாற்ற வேண்டியிருந்தது. ஓய்வு நேரத்தில் அந்நகரப் பூங்காக்களைச் சுற்றிப்பார்த்துப் படம் வரைந்து வைத்துக்கொண்டார்.

டென்மார்க்கில் ஏதாவது பூங்கா அமைத்தாரா?

அவர் பேர் சொல்லும் பூங்காக்கள் எல்லாம் அமெரிக்காவில்தான். ஆனால் அவருடைய இளமைக் காலத்தில் கோபன்ஹேகனும் மாறிக்கொண்டிருந்தது. பழைய கோட்டை மதில்களும் அகழிகளும் தேவையற்றுப் போய், அந்த இடங்கள் மக்கள் உலாவும் பூங்காக்களாயின. ஹென்ரிக் ஆகுஸ்ட் ஃபிளின்ட் வடிவமைத்த ஓர்ஸ்டெட் பூங்கா 1879இல் திறக்கப்பட்டது. அதன் நடுவிலுள்ள நீர்நிலை முன்பு கோட்டை அகழி.

பிறகு ஏன் அமெரிக்கா போனார்?

காரணம் ஒன்றல்ல. ஜெர்மன் ஆட்சியின்கீழ் வாழப் பிடிக்கவில்லை. பண்ணையைப் பார்த்துக்கொண்டு ஊரோடு இருக்கவும் மனமில்லை. அவர் விரும்பிய ஆனா மரியா ஹான்சனை வீட்டார் ஏற்கவில்லை. 1884இல் இருவரும் கப்பலேறிவிட்டார்கள்.

முதலில் ஃபுளோரிடாவில் ஒரு செலரி பண்ணையில் வேலை. அடுத்து அயோவாவில் கொஞ்ச நாள். பிறகு சிகாகோ. 1886இல் அந்நகரின் மேற்குப் பூங்கா வாரியத்தில் கூலித் தொழிலாளியாகச் சேர்ந்தார்.

'அமெரிக்கத் தோட்டம்' என்றால் என்ன? அதை ஏன் இவ்வளவு பேசுகிறார்கள்?

யென்சனின் வாழ்க்கையே திரும்பிய இடம் அது.

வாரியத்தில் சேர்ந்த புதிதில் அவரும் எல்லோரையும் போலத்தான் தோட்டம் போட்டார். வெளிநாட்டுச் செடிகளை வாங்கி, பாத்தி கட்டி, ஒழுங்கான வடிவத்தில் நட்டார். செடிகள் வாடின. மாற்றி நட்டார், அவையும் பட்டுப்போயின. சிகாகோவின் குளிர்காலம் கடுமையானது, கோடை வெப்பமும் காற்றும் சேர்ந்தால் வெளியூர்ச் செடிக்குத் தாங்காது.

அவரும் குடும்பத்தாரும் ஞாயிற்றுக்கிழமைகளில் நகருக்கு வெளியே போவார்கள். அங்கே யாரும் தண்ணீர் ஊற்றாமல், உரம் போடாமல், அதே குளிரிலும் வெயிலிலும் காட்டுப்பூக்கள் செழித்து நின்றன. இந்த மண்ணில் வாழத் தெரிந்த செடிகள் கண்ணெதிரே இருக்கும்போது வேறு செடிகளோடு ஏன் போராட வேண்டும் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது.

1888இல் யூனியன் பூங்காவின் ஒரு மூலையில் உள்ளூர்க் காட்டுச் செடிகளை மட்டும் வைத்து ஒரு தோட்டம் போட்டார். பெயர் அமெரிக்கத் தோட்டம். அந்தச் செடிகளை எந்த நாற்றுப்பண்ணையிலும் வாங்க முடியவில்லை. யாரும் அதுவரை கேட்டதில்லை என்பதால் யாரும் வளர்க்கவுமில்லை. குதிரை வண்டி கட்டிக்கொண்டு காட்டுக்குப் போய், தோண்டி எடுத்து, வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்தார்கள்.

அந்தத் தோட்டத்துக்கு வந்தவர்கள் தங்களுக்குத் தெரிந்த பூவைக் கண்டதும் சொந்த ஊர் நண்பரைப் பார்த்ததுபோல மகிழ்ந்தார்கள் என்று யென்சன் பின்னாளில் நினைவுகூர்ந்தார். களை என்று பிடுங்கி எறியப்பட்ட செடிக்கு நகரப் பூங்காவில் பாத்தி கிடைத்தது. அந்தக் காலத்தில் இது சின்ன விஷயமில்லை.

பிரெய்ரி என்றால் என்ன? பிரெய்ரி பாணி என்றால்?

வட அமெரிக்காவின் நடுப்பகுதியில் பரந்து கிடந்த சமவெளிப் புல்நிலம்தான் பிரெய்ரி. மரம் குறைவு. ஆள் உயரத்துக்கு மேல் வளரும் புற்கள், இடையிடையே காட்டுப்பூக்கள், கண்ணுக்கு எட்டிய தூரம் வரை அடிவானம். வெள்ளையர் குடியேற்றத்துக்குப் பிறகு ஏர் ஓட்டி, இல்லினாய் மாநிலத்தில் அதன் பெரும்பகுதியை விளைநிலமாக்கிவிட்டார்கள். யென்சன் வந்தபோதே ஆங்காங்கே துண்டு துண்டாகத்தான் மிச்சமிருந்தது.

நிலத்துக்கு நிலம் மரமும் பூவும் பறவையும் வேறு என்பது திணை படித்த நமக்குப் புதிதல்ல. ஆனால் அன்றைய அமெரிக்கப் பூங்காக்களில் இங்கிலாந்தின் சாயலும் பிரான்சின் சாயலும்தான் தெரிந்தன. அந்தச் சமவெளிக்குரிய அழகு என்ன என்று தேடியவர்கள் பிரெய்ரி பாணிக்காரர்கள். கட்டடத்தில் ஃபிராங்க் லாயிட் ரைட் போன்றவர்கள் தாழ்வான, கிடைமட்டமாக நீண்ட வீடுகளைக் கட்டினார்கள். தோட்டத்தில் யென்சன். இருவருக்கும் பழக்கம் உண்டு, சில வீடுகளில் சேர்ந்தும் வேலை செய்திருக்கிறார்கள்.

யென்சனுக்கு மிகப் பிடித்த மரம் ஹாதார்ன். முள் நிறைந்த சிறு மரம், கிளைகள் அடுக்கடுக்காகப் பக்கவாட்டில் விரியும். அடிவானக் கோட்டை அந்தக் கிளைகள் திரும்பச் சொல்கின்றன என்பதே அவர் பார்வை. காட்டின் ஓரத்தில் முன்னே ஹாதார்ன், பின்னே உயரமான ஓக், மேப்பிள் என்று படிப்படியாக நடுவார். நடுவே நீண்ட வெட்டவெளி விடுவார். பாதை எப்போதும் வளைந்து போகும், முடிவு கண்ணுக்குத் தெரியாது. மாலை வெயில் எந்த இடைவெளி வழியாக வந்து எந்தக் கிளையில் படும் என்பது வரை யோசித்து நட்டிருக்கிறார்.

நன்றாக வேலை செய்தவரை ஏன் பதவியிலிருந்து நீக்கினார்கள்?

1890களின் நடுவில் அவர் 200 ஏக்கருக்கும் அதிகமான ஹம்போல்ட் பூங்காவின் கண்காணிப்பாளராகிவிட்டார். பூங்கா வாரியத்திலோ அரசியல் தலையீடும் ஊழலும் மலிந்திருந்தன. அதற்கு அவர் உடன்படவில்லை, 1900இல் வெளியேற்றப்பட்டார்.

அடுத்த ஐந்து ஆண்டுகள் தனியார் தோட்டங்களை அமைத்துப் பிழைத்தார். சிகாகோவைச் சுற்றியுள்ள காடுகளையும் ஆற்றோரங்களையும் காக்க வேண்டும் என்ற முயற்சியிலும் சேர்ந்தார். கட்டடக் கலைஞர் டுவைட் பெர்கின்ஸோடு சேர்ந்து அதற்காக அவர் செய்த ஆய்வு 1904 அறிக்கையில் இடம்பெற்றது. இன்று சிகாகோ அடங்கிய குக் மாவட்டத்தில் இருக்கும் காப்புக் காடுகளுக்கு அந்த அறிக்கை ஓர் அடித்தளம். வேலை போனதால் நகரத்துக்குக் கிடைத்த நன்மை என்றுகூட இதைச் சொல்லலாம்.

1905இல் இல்லினாயின் புதிய ஆளுநர் வாரியத்தைச் சீர்திருத்தினார். எந்த வாரியம் அவரை விரட்டியதோ அதே மேற்குப் பூங்கா அமைப்பு முழுவதற்கும் யென்சன் பொதுக் கண்காணிப்பாளரானார்.

கார்ஃபீல்ட் பூங்காவின் கண்ணாடி மாளிகையில் அப்படி என்ன விசேஷம்?

மூன்று பூங்காக்களில் பழுதாகிக் கிடந்த சிறிய கண்ணாடி வீடுகளை எடுத்துவிட்டு, எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே பெரிய மாளிகையாகக் கட்டினார். 1908இல் திறக்கப்பட்டது. அக்காலக் கண்ணாடி மாளிகைகள் அரண்மனை போல அலங்காரமாக இருக்கும். இதன் வெளித்தோற்றமோ வைக்கோல்போர். அந்த வட்டாரத்து வயல்களில் நின்ற போர்களின் வடிவத்தையே எடுத்துக்கொண்டார்.

உள்ளே தொட்டி வரிசை கிடையாது. செடிகள் நேராக மண்ணில் நிற்கின்றன. வெப்பக் குழாய்களைக் கல்வரிசைக்குப் பின்னால் மறைத்தார். பெரணிக் கூடத்தில் தரை தாழ்ந்து, நடுவே நீர், சுற்றிலும் அடுக்குக் கற்கள், எங்கும் பெரணி. மனிதர் வருவதற்கு முந்தைய இல்லினாய் இப்படித்தான் இருந்திருக்கும் என்ற கற்பனையில் அமைத்த கூடம் அது.

அந்தக் கூடத்திலுள்ள சிறு அருவியைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். கல் அடுக்கிய கொத்தனார் மலையருவி போல் தண்ணீர் சோவென்று கொட்டும்படி கட்டிவிட்டார். யென்சன் பிரிக்கச் சொன்னார். மறுபடி கட்டினார், மறுபடி பிரிக்கச் சொன்னார். கடைசியில், இசையமைப்பாளர் மெண்டல்சனின் வசந்தப் பாட்டை யாரையாவது பியானோவில் வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு வாரும் என்று அனுப்பினார். கேட்டுவிட்டு வந்த கொத்தனார் கட்டிய அருவியில் தண்ணீர் படிக்குப் படி மெல்லச் சிணுங்கி இறங்கியது. சமவெளி ஓடை அப்படித்தானே இறங்கும்! தொழிலாளிக்கு அளவு சொல்லாமல் ஓசையைச் சொல்லி வேலை வாங்கியிருக்கிறார். யென்சனைப் பற்றி நான் படித்தவற்றில் எனக்கு மிகப் பிடித்தது இந்தக் கதைதான்.

அவருடைய சிறந்த பூங்கா எது?

பெரும்பாலோர் கொலம்பஸ் பூங்கா என்பார்கள், நானும் அப்படித்தான் நினைக்கிறேன். சிகாகோவின் மேற்கு எல்லையில் 144 ஏக்கர் வெற்று நிலம். மற்ற பூங்காக்களில் தனக்கு முன் இருந்தவர்கள் போட்டதைத் திருத்தவேண்டியிருந்தது. இங்கே முழுவதும் அவர் கைவேலை.

நிலத்தை ஆராய்ந்தபோது பழங்காலத்து மணல்மேட்டின் தடயம் தெரிந்தது. பனியூழிக் காலத்தில் விரிந்து கிடந்த ஏரியின் கரையாக இருந்த வட்டாரம் அது. அதை ஒட்டியே வடிவமைப்பு அமைந்தது. ஓர் ஆற்றை வெட்டினார். வெட்டிய மண்ணைக் கரைகளில் மேடாக்கினார். ஆற்றின் தலைப்பில் ஊற்றுகள் பிறப்பதுபோல இரண்டு சிறு அருவிகள். ஓடைக்கு ஒரு கரையில் நடிகர்கள், மறுகரையில் பார்வையாளர்கள் என்று ஒரு திறந்தவெளி அரங்கம். பிள்ளைகளுக்கு கிராமத்துக் குளம் போலப் பாறைக்கரையோடு நீச்சல் இடம். நகரத்தை விட்டு வெளியே போகப் பணமில்லாத பிள்ளைகளுக்குக் கிராமத்தை நகரத்துக்குள்ளேயே கொண்டுவந்து கொடுத்தார். பிற்காலத்தில் அந்த நீச்சல் இடத்தைத் தூர்த்துவிட்டார்கள், ஒரு விரைவுச்சாலைக்காகத் தெற்கே ஒன்பது ஏக்கரையும் எடுத்துக்கொண்டார்கள். படிக்கும்போதே வருத்தமாக இருக்கிறது. மிச்சமிருப்பதை 2003இல் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்தார்கள்.

அவர் தோட்டங்களில் வரும் வட்டமான கல் இருக்கை எதற்கு?

தாழ்வான கல்திண்ணை ஒன்று வட்டமாக ஓடும், நடுவில் தீ மூட்ட இடம். அவருடைய பெரும்பாலான தோட்டங்களில் அதைப் பார்க்கலாம். வட்டத்தில் தலைமை இருக்கை என்று ஒன்று இல்லை, உட்கார்ந்தவர் எல்லோரும் சமம். கதை சொல்லவும் பாடவும் பேசவும் ஓர் இடம். அமெரிக்கப் பழங்குடிகளின் சபைத்தீயையும், சொந்த நாட்டில் தீயைச் சுற்றிக் கூடும் வழக்கத்தையும் ஒன்றாக்கிச் செய்தது.

ஹென்றி ஃபோர்டுக்கும் அவருக்கும் சண்டையா?

சண்டை ஹென்றி ஃபோர்டின் மனைவி கிளாராவோடு. மிச்சிகனில் டியர்பார்ன் நகரில் ஃபோர்டு தம்பதியின் ஃபேர் லேன் தோட்டத்தை 1914 முதல் யென்சன் அமைத்தார். அங்கே வீட்டிலிருந்து தொடங்கும் ஒரு நீண்ட புல்வெளி உண்டு. கோடையின் மிக நீண்ட பகல் முடியும் மாலையில் சூரியன் அதன் கடைசியில் மரங்களுக்கு இடையே இறங்கும். அப்படித் திசை பார்த்துப் போட்டிருந்தார்.

கிளாராவுக்கோ ரோஜாத் தோட்டம் வேண்டும், அதுவும் யென்சன் போட்ட புல்வெளியில். அவர் ஒப்பவில்லை, அந்த வேலையிலிருந்து விலகிவிட்டார். அந்தக் காலத்து அமெரிக்காவில் அதைவிடப் பெரிய வாடிக்கையாளர் கிடைப்பது அரிது. ஃபோர்டின் மகன் எட்செல் பிறகு தன் வீட்டுத் தோட்டத்துக்கு யென்சனைத்தான் அழைத்தார்.

மணற்குன்றுகளைக் காக்கப் போராடினாராமே?

ஆமாம். மிச்சிகன் ஏரியின் தென்கரையில் இந்தியானா மாநிலத்தின் மணற்குன்றுகள் இருக்கின்றன. சுற்றிலும் எஃகு ஆலைகள் எழுந்துகொண்டிருந்தன. சிகாகோ பல்கலைக்கழகத் தாவரவியலாளர் ஹென்றி கௌல்ஸ் செடிகள் ஒன்றையடுத்து ஒன்று நிலத்தைப் பிடிக்கும் முறையை ஆராய்ந்த இடமும் அதுதான். யென்சனும் கௌல்ஸும் நண்பர்கள். யென்சன் 1913இல் 'நம் மண்ணின் நிலக்காட்சிக்கு நண்பர்கள்' என்ற பொருள்படும் சங்கத்தைத் தொடங்கினார். 1916இல் அரசின் விசாரணையில் குன்றுகளுக்காகப் பேசினார். 1917இல் குன்றுகளிலேயே பெரிய திறந்தவெளி நாடகம் நடத்தி மக்களைத் திரட்டினார்கள். 1920களில் ஒரு பகுதி மாநிலப் பூங்காவானது. தேசியப் பூங்கா என்ற தகுதி 2019இல்தான் வந்தது.

அவர் மீது விமர்சனம் எதுவும் இல்லையா?

உண்டு, அதை மறைக்கக் கூடாது. 1930களில் அவர் எழுதியவற்றில் செடியின் பிறப்பிடத்தைப் பற்றிய பேச்சு மனிதரின் இனத்தைப் பற்றிய பேச்சாகவும் மாறுகிறது. தோட்டம் அங்கு வாழ்வோரின் இன இயல்புக்கு ஏற்றதாக இருக்க வேண்டும் என்று நாஜி ஆட்சிக் காலத்து ஜெர்மன் தோட்டக்கலை இதழில் எழுதியிருக்கிறார். பிற்கால ஆய்வாளர்கள் இதைக் கடுமையாகக் கேள்வி கேட்டிருக்கிறார்கள், கேட்டதும் சரிதான். உள்ளூர்ச் செடியை நடுவதற்கு மண், மழை, பூச்சி, பறவை என்று போதுமான காரணங்கள் இருக்கின்றன. அதற்கு இனக் கொள்கை எதற்கு? இன்று அவர் முறையைப் பின்பற்றுவோர் அந்தப் பகுதியை விட்டுவிட்டு மற்றதை எடுத்துக்கொள்கிறார்கள்.

முதுமையில் என்ன செய்தார்?

1934இல் மனைவி இறந்தார். அடுத்த ஆண்டு, 75 வயதை நெருங்கும்போது, சிகாகோவை விட்டுவிட்டு விஸ்கான்சின் மாநிலத்தின் எல்லிசன் பே என்ற ஊருக்குப் போய் ஒரு பள்ளி தொடங்கினார். பெயர் 'தி கிளியரிங்', அதாவது காட்டுக்குள் வெயில் விழும் வெட்டவெளி. டென்மார்க்கில் படித்த நாட்டுப்புற உயர்பள்ளியின் வழியில், பாடத்தோடு கைவேலையும் உண்டு. 1937இல் முதன்மைக் கட்டடம் எரிந்துபோனது, திரும்பக் கட்டினார். ஏரியைப் பார்த்த செங்குத்துப் பாறையில் ஒரு சின்னக் கல்வீடும் கட்டி அவ்வப்போது தனியே போய் இருப்பார். 1939இல் 'சிஃப்டிங்ஸ்' என்ற சிறு நூல் வெளிவந்தது.

அதே காலத்தில் இல்லினாயின் ஸ்பிரிங்ஃபீல்டில் லிங்கன் நினைவுத் தோட்டத்தையும் வடிவமைத்தார். சிலையோ மண்டபமோ இல்லை. லிங்கன் வாழ்ந்த கென்டக்கி, இந்தியானா, இல்லினாய் மாநிலங்களின் மரஞ்செடிகளும், எட்டு வட்டத் திண்ணைகளும்தான் நினைவுச் சின்னம். 1936இல் சாரணச் சிறுவர் சிறுமியர் ஓக் விதைகளை ஊன்றித் தொடங்கிவைத்தார்கள். அவை பெரிய மரங்களாவதைத் தான் பார்க்கப்போவதில்லை என்று தெரிந்தே போட்ட திட்டம்.

1951 அக்டோபர் 1 அன்று, 91 வயதில் காலமானார்.

சீடர்கள் யாராவது?

ஆல்ஃபிரட் கால்டுவெல்லைச் சொல்ல வேண்டும். 1920களின் இறுதியில் யென்சனிடம் வேலை பார்த்தவர். சிகாகோவின் லிங்கன் பூங்காவில் அல்லிக் குளம் ஒன்றை அமைத்தபோது, காட்டுப்பூச் செடிகள் வாங்க நிதி தர மறுத்துவிட்டார்கள். தன் ஆயுள் காப்பீட்டை முறித்துக் கிடைத்த பணத்தில் செடிகளை வாங்கி வந்து நட்டார். குரு குதிரை வண்டியில் கொண்டுவந்த செடிகளை நினைத்துக்கொண்டேன்.

சிகாகோ போனால் எதை முதலில் பார்க்கலாம்?

கார்ஃபீல்ட் பூங்கா கண்ணாடி மாளிகை. நகர ரயிலின் பச்சைத் தடத்தில் அதன் பெயரிலேயே நிலையம் இருக்கிறது, இறங்கினால் எதிரே மாளிகை. 2011 ஜூனில் பெய்த ஆலங்கட்டி மழையில் கண்ணாடிகள் நொறுங்கி, பெரணிகள் மீதெல்லாம் சில்லுகள் விழுந்தன. சில ஆண்டுகள் உழைத்துச் சரிசெய்துவிட்டார்கள். பெரணிக் கூடத்தில் கூட்டம் குறைந்த நேரத்தில் போய் நின்றால் அந்தக் கொத்தனாரின் அருவி கேட்கும்.

அங்கிருந்து மாலைக்குள் கொலம்பஸ் பூங்காவுக்குப் போய்விடுங்கள், நீலத் தடத்தில் ஆஸ்டின் நிலையம் பக்கம். வட்டத் திண்ணையில் உட்கார்ந்துகொள்ளுங்கள். வெயில் சாயும்போது அது எந்த மரங்களுக்கு இடையே வருகிறது என்று பாருங்கள். தற்செயல் இல்லை, அவர் நட்ட இடம்.